நாக்கும் ஒரு மீட்டர்தான்!



மாம்பழம் சேர்க்காமல் மாம்பழ மணம். பால் இல்லாமல் வெண்ணெய் வாசம். உப்பைக் கூட்டாமலேயே உப்புக் கரிப்பு. இதெல்லாம் மந்திரவாதி வேலை இல்லை. நம்மைப் போல ஆய்வகத்தில் பியூரெட்டும் பிப்பெட்டும் பிடித்தவர்கள் செய்த வேலைதான். ராக்கெட்டிலும் கம்ப்யூட்டரிலும் கை வைத்த மனிதன் இப்போது நம் நாக்கிலும் கை வைத்துவிட்டான் என்றால் மிகையாகாது.

"இதெல்லாம் நமக்கு எதுக்குப்பா? டிப்ளமோ முடிச்சோமா, ஒரு வேலைக்குப் போனோமான்னு இருப்போம்" என்று நீங்கள் சொல்வது என் காதில் விழுகிறது. ஆனால் இது நமக்குத்தான் ரொம்ப வேண்டிய விஷயம். இந்தச் சுவையைக் காசு கொடுத்து வாங்கித் தின்பதும் நாம்தான். நாளைக்கு இதைத் தயாரிக்கிற தொட்டிக்குப் பக்கத்தில் நிற்கப் போவதும் நாம்தான்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நாக்கு ஒரு மீட்டர். வீட்டு வாசலில் இருக்கிற கரண்ட் மீட்டர் எத்தனை யூனிட் ஓடியது என்று காட்டுவது போல, வயிற்றுக்குள் போகிற பொருள் என்ன என்பதை நாக்கும் மூக்கும் நமக்குக் காட்டுகின்றன. இனிப்பு என்றால் சக்தி தருகிற பொருள். கசப்பு என்றால் ஜாக்கிரதை. கெட்ட வாடை என்றால் துப்பிவிடு. அந்த மீட்டரின் ரீடிங்கை இப்போது வெளியில் இருந்து மாற்ற முடிகிறது. மாற்றுவதே தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. வீட்டுக்காரருக்குத் தெரிந்து மாற்றுகிறார்களா, தெரியாமல் மாற்றுகிறார்களா? என் கேள்வி அவ்வளவுதான்.

மூக்கைப் பிடித்தால் தெரியும்

சுவை என்றால் நாக்கில் இருப்பது என்றுதான் நாம் நினைக்கிறோம். ஒரு சின்னப் பரிசோதனை செய்து பாருங்கள். மூக்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஓர் ஏலக்காய் மிட்டாயை வாயில் போடுங்கள். வெறும் இனிப்பு மட்டும்தான் தெரியும். கையை எடுங்கள், மறு வினாடியே ஏலக்காய் வந்துவிடும். மென்று விழுங்கும்போது தொண்டை வழியாக மேலே ஏறி மூக்கைத் தொடுகிற ஆவிதான் நாம் "ருசி" என்று சொல்வதில் பெரும் பங்கு. சளி பிடித்தால் காபிக்கும் கஷாயத்துக்கும் வித்தியாசம் தெரியாமல் போவதும் இதனால்தான். 2020இல் கொரோனா வந்தபோது மணம் போனவர்கள் எல்லாம் "சோறு மண்ணு மாதிரி இருக்கு" என்று சொன்னதை நாமே கேட்டிருக்கிறோம்.

நாக்குக்கு நேரடியாகத் தெரிவது இனிப்பு, புளிப்பு, உப்பு, கசப்பு, இவற்றோடு உமாமி. ஐந்தாவதைக் கண்டு சொன்னவர் ஜப்பானிய வேதியியல் பேராசிரியர் கிகுனே இகேடா. 1908இல் கொம்பு என்ற கடற்பாசியைக் கொதிக்க வைத்த சாற்றில் இருந்து குளுட்டமேட்டைப் பிரித்தெடுத்து, அந்த ருசிக்கு உமாமி என்று பெயர் வைத்தார். அடுத்த வருஷமே அது அஜினோமோட்டோ என்ற பெயரில் கடைக்கு வந்துவிட்டது. நம் அறுசுவையில் உள்ள கார்ப்பு உண்மையில் நரம்பு உணர்கிற சூடும் எரிச்சலும்தான். துவர்ப்பு பெரும்பாலும் வாய்க்குள் தொட்டு உணர்கிற வறட்சி. ஆக, ஒரு வாய்ச் சோற்றில் நாக்கு, மூக்கு, தோல், நரம்பு எல்லாம் சேர்ந்துதான் ரீடிங் எடுக்கின்றன.

இந்த மீட்டரை ஏமாற்ற பெரிய மெஷின்கூட வேண்டாம். நெல்லிக்காய் தின்றுவிட்டுத் தண்ணீர் குடித்தால் தண்ணீர் இனிக்கிறது. தண்ணீரில் யாரும் சர்க்கரை போடவில்லை. சிறுகுறிஞ்சான் இலையை மென்றுவிட்டு ஒரு ஸ்பூன் சர்க்கரையை வாயில் போட்டால் ஆற்று மணல் மாதிரி இருக்கும். அந்த இலையில் உள்ள ஜிம்னீமிக் அமிலம் இனிப்பை உணரும் இடத்தைக் கொஞ்ச நேரம் அடைத்துவிடுகிறது. சர்க்கரை அதே சர்க்கரைதான், மாறியது மீட்டர். இதைத்தான் இன்றைக்கு விஞ்ஞானிகள் கணக்குப் போட்டு, அளவு வைத்துச் செய்கிறார்கள்.

பைன் மரத்தில் இருந்து ஐஸ்கிரீமுக்கு

செயற்கை மணத்தின் கதையை வெனிலாவில் இருந்து தொடங்கலாம். வெனிலா மெக்சிகோவைச் சேர்ந்த ஓர் ஆர்க்கிட் கொடி. வேறு நாட்டுக்குக் கொண்டுபோய் நட்டால் பூக்கும், ஆனால் காய்க்காது. மகரந்தம் சேர்க்கிற பூச்சி அங்கே இல்லை. 1841இல் ரீயூனியன் தீவில் எட்மண்ட் என்ற 12 வயது அடிமைச் சிறுவன், ஒரு சின்னக் குச்சியையும் தன் கட்டைவிரலையும் வைத்துப் பூவுக்குள் மகரந்தம் சேர்க்கும் வழியைக் கண்டுபிடித்தான். இன்றைக்கும் தோட்டங்களில் பூப்பூவாகக் கையால்தான் சேர்க்கிறார்கள். அவன் சொல்லிக்கொடுத்த வழியால் எத்தனையோ பேர் பணக்காரர் ஆனார்கள். எட்மண்ட் ஆல்பியஸ் 1880இல் ஏழையாகவே செத்துப் போனார்.

1874இல் ஜெர்மனியில் டீமன், ஹார்மன் என்ற இரண்டு வேதியியலாளர்கள் பைன் மரச்சாற்றில் கிடைக்கும் கோனிஃபெரின் என்ற பொருளில் இருந்து வெனிலின் தயாரித்தார்கள். வெனிலாவின் முக்கியமான மணப்பொருள் அதுதான். ஹோல்ஸ்மிண்டன் என்ற ஊரில் தொழிற்சாலையும் வந்தது. பிறகு காகித ஆலைக் கழிவில் உள்ள லிக்னினில் இருந்து எடுத்தார்கள். இன்றைக்குப் பெரும்பகுதி குவையக்கால் என்ற பொருளில் இருந்து வருகிறது. அதற்கு மூலம் பெட்ரோலியம். திருவிழாவில் நாம் வாங்கிச் சாப்பிடுகிற வெனிலா ஐஸ்கிரீமில் கொடியும் இல்லை, காயும் இல்லை.

"ஐயோ, பெட்ரோலா!" என்று பதற வேண்டாம். வேதியியல் படிக்கிற நாம் அப்படிப் பேசக் கூடாது. வெனிலின் மூலக்கூறு கொடியில் இருந்து வந்தாலும் தொட்டியில் இருந்து வந்தாலும் ஒன்றுதான், சூத்திரம் மாறாது. ஆனால் அசல் வெனிலாக் காயில் இருநூறுக்கு மேற்பட்ட மணப்பொருள்கள் சேர்ந்திருக்கின்றன. ஆய்வகத்தில் அதில் ஒன்றை மட்டும் எடுத்து, "இதுதான் வெனிலா" என்கிறோம். ஒரு நாதஸ்வரக் கச்சேரியில் இருந்து ஒத்தை மட்டும் தனியே ஊதுவது மாதிரி.

வாழைப்பழ மணமும் இப்படித்தான். ஐசோஅமைல் ஆல்கஹாலையும் அசிட்டிக் அமிலத்தையும் கொஞ்சம் கந்தக அமிலம் விட்டுச் சூடாக்கினால் ஐசோஅமைல் அசிட்டேட் கிடைக்கும். அந்த எஸ்டர் வந்த நாளில் லேப் முழுக்கப் பழக்கடை மாதிரி மணக்கும். இதே பொருளைத்தான் தேனீ கொட்டும்போது அபாய அறிவிப்பாக வெளியிடுகிறது. நமக்கு அது பழம், தேனீக்கு அது "சண்டைக்கு வா" என்ற சைகை. மணம் என்பது ஒரு செய்தி என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டுமா? அந்தச் செய்தி உண்மையாக இருக்க வேண்டும் என்று நாம் கேட்பதில் தப்பே இல்லை.

காதும் சாப்பிடுகிறது

மூக்கோடு நிறுத்தினார்களா என்றால் இல்லை. காதுக்கும் போய்விட்டார்கள். 2004இல் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் சார்லஸ் ஸ்பென்ஸ், மாசிமிலியானோ சம்பினி என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். உருளைக்கிழங்கு சிப்ஸைக் கடிக்கும் சத்தத்தை மைக்கில் பிடித்து, ஹெட்ஃபோன் வழியாகக் கடித்தவர் காதுக்கே திருப்பிக் கொடுத்தார்கள். சத்தத்தைக் கூட்டினாலோ, அதில் உள்ள கீச்சு ஒலியை மட்டும் கூட்டினாலோ, "இது மொறுமொறுன்னு புதுசா இருக்கு" என்றார்கள். குறைத்தால் "நமுத்துப் போச்சு" என்றார்கள். சிப்ஸில் ஒரு மாற்றமும் இல்லை. 2008இல் இதற்கு இக்நோபல் பரிசும் கிடைத்தது. முதலில் சிரிக்க வைத்து, பிறகு யோசிக்க வைக்கிற ஆராய்ச்சிக்குத் தருகிற பரிசு அது.

கண்ணும் தப்பவில்லை. பிரான்சில் போர்தோ நகரத்தில் ஒயின் படிப்பு படிக்கிற 54 மாணவர்களிடம் வெள்ளை ஒயினில் மணமில்லாத சிவப்புச் சாயம் கலந்து கொடுத்தார்கள். 2001இல் வெளிவந்த ஆய்வு இது. சிவப்பு ஒயினுக்குச் சொல்கிற வர்ணனைகளையே அவர்கள் அதற்கும் எழுதினார்கள். அதையே பாடமாகப் படிக்கிறவர்களுக்கே இந்தக் கதி என்றால், மஞ்சள் நிறத்தில் "மாம்பழ" ஜூஸ் வாங்குகிற நாம் எம்மாத்திரம்?

2018இல் அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்தினர் கண்ணில் மாட்டுகிற மாயத்திரைக் கருவி கொண்டு ஒரே பாலாடைக்கட்டியை மூன்று "இடங்களில்" சாப்பிட வைத்தார்கள். ஒன்று சாதாரண அறை, ஒன்று பூங்கா, ஒன்று மாட்டுக் கொட்டகை. கொட்டகையைப் பார்த்துக்கொண்டு தின்றவர்களுக்குப் பாலாடைக்கட்டியின் காட்டம் கூடுதலாகத் தெரிந்ததாம்! நாம் எங்கே இருக்கிறோம் என்பதையும் சேர்த்தே சுவைக்கிறோம்.

பன்னிரண்டு பேருக்கு ஒரு விருந்து

ஐம்புலனையும் ஒன்றாகச் சேர்த்து விருந்து வைக்கிற ஆசை புதியது இல்லை. இத்தாலியக் கவிஞர் மரினெட்டி 1932இல் ஒரு சமையல் புத்தகம் வெளியிட்டார். அதில் உள்ள ஒரு விருந்தில், வலது கையால் ஆலிவ் பழம் சாப்பிட வேண்டும். இடது கையால் உப்புத்தாளையும் பட்டுத்துணியையும் தடவ வேண்டும். பரிமாறுகிறவர் பின்கழுத்தில் வாசனைத் தண்ணீர் தெளிப்பார். பக்கத்தில் விமானச் சத்தம் கேட்க வேண்டும். உப்புத்தாள் போட்டுத் தேய்க்கிற நமக்குச் சிரிப்பு வரும். ஆனால் அவர் சொன்னதைத்தான் இன்றைக்குக் கோடி கோடியாகச் செலவழித்துச் செய்கிறார்கள்.

இங்கிலாந்தில் ஹெஸ்டன் புளூமெந்தால் என்ற சமையல்காரர் 2007இல் ஒரு கடல் உணவோடு சங்குக்குள் ஒரு சின்னப் பாட்டுப் பெட்டியை வைத்துக் கொடுத்தார். அலைச் சத்தத்தைக் காதில் கேட்டுக்கொண்டே சாப்பிட வேண்டும். 2012இல் ஷாங்காயில் பால் பேரே என்பவர் ஒரே மேஜை, 10 நாற்காலி என்று ஓர் உணவகம் திறந்தார். ஒவ்வொரு பதார்த்தத்துக்கும் சுவரில் படம் மாறியது, பாட்டு மாறியது, அறையின் வாசனையும் மாறியது. 2014இல் ஸ்பெயினின் இபிசா தீவில் 12 பேருக்கான ஒரு விருந்துக் கூடம் வந்தது. ஓர் ஆளுக்குக் கட்டணம் 1,500 யூரோவுக்கு மேல். நம் பணத்தில் ஒரு லட்சத்தைத் தாண்டும்.

"இதுல என்னடா அதிசயம்? நம்ம கல்யாணப் பந்தியிலயும் வாழை இலை வாசம், நாதஸ்வரம், கையால பிசைஞ்சு சாப்பிடறது எல்லாம் இருக்கே" என்றான் என் நண்பன் ஒருத்தன். நியாயம்தான். ஒரே ஒரு வித்தியாசம், பந்தியில் இலை போட்டுவிட்டால் எல்லோருக்கும் ஒரே சாம்பார்.

பணக்காரர் விருந்தைப் பார்த்து எனக்குப் பொறாமை இல்லை. செல்போன்கூட முதலில் அவர்களிடம்தான் இருந்தது, பிறகு நம் கைக்கும் வந்தது. இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த 12 பேருக்கும் தாங்கள் ஒரு மாய விளையாட்டுக்குள் உட்கார்ந்திருக்கிறோம் என்பது நன்றாகத் தெரியும், காசு கொடுத்ததே அதற்குத்தான். ஆனால் அதே வித்தை நம் தெருக்கடைக்கு வரும்போது எப்படி வருகிறது? ஐந்து ரூபாய், பத்து ரூபாய்ப் பாக்கெட்டாக வருகிறது. உள்ளே மாவு, எண்ணெய், உப்பு, மேலே தூவிய மணப்பொடி. வெளியே பளபளவென்று தக்காளிப் படம். அவர்களுக்கு வித்தை என்று சொல்லிக் காட்டுகிறார்கள். நமக்குச் சாப்பாடு என்று சொல்லி விற்கிறார்கள்.

ஒரு கரண்டியின் கதை

அப்படியானால் சுவைப் பொறியியலே வேண்டாமா? வேண்டும். எதற்கு என்று சொல்கிறேன்.

"உப்பில்லாப் பண்டம் குப்பையிலே" என்பது நம் பழமொழி. ரத்த அழுத்தம் வந்தவரிடம் டாக்டர் சொல்கிற முதல் வார்த்தை "உப்பைக் குறைங்க" என்பது. நாலு நாள் குறைப்பார். ஐந்தாம் நாள் ஊறுகாய் பாட்டில் திறந்துவிடும். அவரைக் குறை சொல்லிப் பயனில்லை, உப்பில்லாத சோறு இறங்காது. பெரியவர்கள் ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாகத்தான் உப்பு சேர்க்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். இந்தியர்கள் சராசரியாக அதைவிடக் கூடுதலாகவே சாப்பிடுகிறோம்.

ஜப்பானில் மெய்ஜி பல்கலைக்கழகப் பேராசிரியர் ஹோமெய் மியாஷிதாவும் கிரின் நிறுவனமும் சேர்ந்து இதற்கு ஒரு வழி கண்டார்கள். ஒரு கரண்டி. அதன் நுனி வழியாக மிக மெல்லிய மின்சாரம் உணவுக்குள் போகிறது. உணவில் கலைந்து கிடக்கிற சோடியம் அயனிகளை அது நாக்கின் பக்கம் சேர்த்துக் கொடுக்கிறது. உப்பு குறைந்த உணவிலும் உப்புக் கரிப்பு ஏறக்குறைய ஒன்றரை மடங்கு கூடித் தெரிகிறது என்பது அவர்கள் 2022இல் அறிவித்த முடிவு. 2024 மே மாதம் கரண்டி விற்பனைக்கும் வந்தது. அப்போது விலை 19,800 யென், அதாவது பத்தாயிரம் ரூபாய்க்கு மேல். மின்சாரக் குச்சியாலும் உறிஞ்சு குழலாலும் ருசியை மாற்றலாம் என்ற மியாஷிதா, ஹிரோமி நகமுரா இருவரின் பழைய ஆய்வுக்கு 2023இல் இக்நோபல் கிடைத்தது.

நாக்கில் மின்சாரம் வைத்து ருசி காட்டும் ஆராய்ச்சியில் நம் பக்கத்து நாட்டுக்காரர் ஒருவரும் முன்னணியில் இருக்கிறார். இலங்கையைச் சேர்ந்த நிமேஷ ரணசிங்க, சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் இருந்தபோது, நாக்கில் வைக்கிற மின்முனைகளால் புளிப்பு, உப்பு, கசப்பு போன்ற உணர்வுகளை உண்டாக்கிக் காட்டினார். 2017இல் அவருடைய குழு ஒரு கண்ணாடிக் கோப்பையில் நிற விளக்கு, மணம், மின்முனை மூன்றையும் பொருத்தி வெறும் தண்ணீருக்கே வேறு ருசி கொடுத்தது.

இதை நம் ஊர் அரசு மருத்துவமனை வார்டோடு சேர்த்து யோசித்துப் பாருங்கள். புற்றுநோய்க்கு மருந்து ஏற்றுகிறவர்களில் பலருக்கு எது தின்றாலும் வாயில் இரும்பு ருசி வருகிறது. வயதானவர்களுக்கு மூக்கு மழுங்கிச் சோற்றின் மேல் ஆசையே போய்விடுகிறது. அவர்களுக்கு ஒரு பிடி சோறு கூடுதலாக இறங்கினால் அது மருந்துக்குச் சமம். கரண்டி பிடிக்கிறவருக்குத் தன் மீட்டர் மாற்றப்படுகிறது என்று தெரியும். தன் நன்மைக்காகத்தான் என்றும் தெரியும். சிப்ஸ் பாக்கெட்டில் மாற்றுவதும் இதே மீட்டரைத்தான். ஆனால் வீட்டுக்காரரைக் கேட்கவில்லை.

படிக்கத் தெரியாதவர்களுக்கு லேபிள் எது?

"பின்பக்கம் எல்லாம் போட்டிருக்கானே, படிச்சுப் பார்க்க வேண்டியதுதானே?" என்று கேட்பீர்கள். போட்டிருப்பது உண்மைதான். 2006ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டமும் அதன் விதிகளும் மணப்பொருளை மூன்று வகையாகப் பிரிக்கின்றன. இயற்கையில் இருந்து எடுத்தது, இயற்கையில் உள்ளதைப் போலவே அச்சாகத் தயாரித்தது, இயற்கையிலேயே இல்லாத செயற்கை. எது சேர்த்திருக்கிறது என்று பாக்கெட்டில் சொல்ல வேண்டும். நல்ல சட்டம்தான்.

ஆனால் எந்த மொழியில்? 2020ஆம் ஆண்டு லேபிள் விதிப்படி ஆங்கிலம் அல்லது தேவநாகரி எழுத்தில் இந்தி இருந்தால் போதும். மற்ற மொழி வேண்டுமானால் கூடுதலாகப் போட்டுக்கொள்ளலாம், கட்டாயம் இல்லை. எங்கள் வீட்டில் அந்தப் பொடி எழுத்து ஆங்கிலத்தைப் படிக்கிற முதல் ஆள் நான்தான். எனக்கு முன்னால் எத்தனை வருஷமாக எங்கள் வீட்டுக்குள் பாக்கெட்டுகள் வந்திருக்கும்! அம்மாவுக்கு முன்பக்கத்துப் படம்தான் லேபிள். மாம்பழம் வரைந்திருந்தால் மாம்பழம், பாதாம் வரைந்திருந்தால் பாதாம். "பிள்ளைக்குச் சத்து" என்று நம்பித்தான் கூலிக் காசில் வாங்கி வருகிறார்கள். இதில் ஏமாந்தவர் மேல் என்ன தப்பு? படத்துக்குப் பெரிய இடமும் உண்மைக்குச் சின்ன இடமும் ஒதுக்கியவர்கள் மேல்தான் தப்பு.

அரசாங்கம் நினைத்தால் மாற்ற முடியும். 2024 ஜூன் மாதம், சாற்றுச் சுண்டலில் தண்ணீர் கலந்து தயாரித்த பானங்களில் "100 சதவீதம் பழச்சாறு" என்று போடுவதை எடுக்கச் சொல்லி உணவுப் பாதுகாப்பு ஆணையம் உத்தரவு போட்டது. சிகரெட் பெட்டியில் 2009 முதல் எச்சரிக்கைப் படம் இருக்கிறது. 2016இல் அது பெட்டியின் 85 சதவீத இடத்துக்குப் பெரிதானது. எழுத்தே தெரியாதவருக்கும் அது புரிகிறது. சைவத்துக்குப் போடுகிற பச்சைப் புள்ளி இன்னும் நல்ல உதாரணம். பள்ளிக்கூடம் பக்கமே போகாத பாட்டிகூட பாக்கெட்டைத் திருப்பிப் பச்சைப் புள்ளி தேடுகிறார்!

அதே மாதிரி இன்னொரு சின்னம் வேண்டும் என்பது என் கோரிக்கை. படத்தில் உள்ள பழமோ பருப்போ உள்ளே இல்லை, மணம் மட்டும்தான் இருக்கிறது என்றால், அந்தப் படத்துக்குப் பக்கத்திலேயே, முன்பக்கத்தில், ஒரு மூக்குச் சின்னம் போடட்டும். "இது மூக்குக்கு மட்டும், வயிற்றுக்கு இல்லை" என்று அர்த்தம். அச்சடிக்க ஒரு பைசா கூடுதல் செலவு ஆகாது.

"தெரிஞ்சா மட்டும் வாங்காம இருந்துடுவாங்களா?" என்று கேட்கலாம். சிலர் தெரிந்தும் வாங்குவார்கள். நானும் வாங்குவேன், ருசியாக இருக்கிறதே! ஆனால் ருசிக்காக வாங்குவது வேறு, சத்து என்று நம்பி வாங்குவது வேறு. முதலாவது நம் இஷ்டம். இரண்டாவது நமக்கு இழைக்கிற அநியாயம்.

தொட்டிக்குப் பக்கத்தில் நிற்பவர்

மணம் தயாரிப்பில் சாப்பிடுகிறவரைத் தவிர இன்னொருவரும் இருக்கிறார். அவர் தொழிலாளி.

வெண்ணெய்க்கு மணம் தருகிற பொருள்களில் டைஅசிட்டில் முக்கியமானது. அசல் வெண்ணெயிலும் கொஞ்சம் இருக்கிறது. உணவில் சேர்க்கப் பாதுகாப்பானது என்றுதான் அமெரிக்காவில் ஏற்றுக்கொண்டிருந்தார்கள். அங்கே மிசௌரி மாநிலத்தில், மைக்ரோவேவ் பாப்கார்ன் தயாரித்த ஓர் ஆலையில் வேலை பார்த்த எட்டுப் பேருக்கு நுரையீரலின் சின்னக் குழாய்கள் தழும்பேறி அடைபட்டுப்போகிற கடுமையான நோய் வந்திருப்பது 2000ஆம் ஆண்டில் தெரியவந்தது. அரசாங்க ஆய்வாளர்கள் போய்ப் பார்த்தார்கள். சூடான எண்ணெய்த் தொட்டியில் வெண்ணெய் மணத்தை ஊற்றிக் கலக்குகிறவர்களுக்குத்தான் அதிகப் பாதிப்பு. தொட்டியில் இருந்து எழும் ஆவியை அவர்கள் ஷிஃப்ட் முழுக்கச் சுவாசித்திருக்கிறார்கள். போன நுரையீரல் திரும்ப வராது.

தின்னும்போது பாதுகாப்பான ஒரு பொருள், சுவாசிக்கும்போதும் பாதுகாப்பாக இருக்கும் என்று சொல்ல முடியாது. தொட்டிக்கு மூடி, ஆவியை இழுக்கிற எக்ஸாஸ்ட், சரியான மாஸ்க், பொருளின் தன்மையைச் சொல்கிற ஒரு தாள், இவை இருந்திருந்தால் அவர்கள் தப்பித்திருக்கலாம். நல்ல வாசனை வருகிற இடத்தில் ஆபத்து இருக்கும் என்று யாருக்குத் தோன்றும்? மூக்கு என்ற மீட்டர் "வெண்ணெய்" என்றுதானே காட்டியது! அவர்களுடைய மீட்டரும் அவர்களுக்குத் தெரியாமல் மாற்றப்பட்டதுதான்.

நண்பர்களே, அந்தத் தொட்டிக்குப் பக்கத்தில் நிற்கிற வேலை எம்.டி.க்கோ மேனேஜருக்கோ கிடைக்காது. டிப்ளமோ முடித்த நமக்கும், நமக்குக் கீழே இருக்கிற கான்ட்ராக்ட் தொழிலாளிக்கும்தான் கிடைக்கும். பாதுகாப்புத் தாளை முதலில் படிக்கிற பழக்கம் நமக்கு வர வேண்டும். படித்ததைப் படிக்கத் தெரியாதவருக்குத் தமிழில் சொல்லிக் கொடுக்கிற பொறுப்பும் நமக்குத்தான்.

நாம் என்ன செய்யலாம்?

வெறுமனே குறை சொல்லிவிட்டு நிறுத்த எனக்கு விருப்பம் இல்லை. நம் கையில் இருக்கிற வேலையைச் சொல்கிறேன்.

மின்னணுப் பிரிவு நண்பர்களே! ஜப்பான் கரண்டியில் இருப்பது ஒரு பேட்டரி, ஒரு சிறிய சர்க்யூட், இரண்டு மின்முனை. பத்தாயிரம் ரூபாய்க் கரண்டியை ஆயிரம் ரூபாய்க்குள் கொண்டு வர முடியுமா என்பது ஒரு நல்ல இறுதியாண்டு புராஜெக்ட். ஆனால் ஆர்வக்கோளாறில் பேட்டரி கம்பியை யாரும் நாக்கில் வைத்துப் பார்க்க வேண்டாம். ஆசிரியரும் டாக்டரும் பார்த்துச் சரி சொன்ன பிறகே வாய்க்குப் போக வேண்டும்.

இயந்திரவியல் நண்பர்களே! சின்ன மிட்டாய்க் கம்பெனிக்கும் கட்டுப்படியாகிற விலையில் மூடியோடு கூடிய கலக்கும் தொட்டியும் ஆவி இழுக்கும் கருவியும் வடிவமைக்கலாம். பட்டறையில் இருக்கிற தகட்டிலேயே மாதிரி செய்துவிடலாம்.

எங்கள் வேதியியல் பிரிவுக்கும் ஒரு வேலை. கல்லூரி வாசலில் விற்கிற பாக்கெட்டுகளின் பின்பக்கத்தை வரிவரியாகத் தமிழில் எழுதி ஒரு பலகையில் ஒட்டலாம். எந்தக் கம்பெனியையும் திட்ட வேண்டாம். அவர்களே அச்சடித்ததை நம் மொழியில் எழுதுவோம், அது போதும். விடுமுறையில் ஊருக்குப் போகும்போது அதையே நம் வீட்டிலும், தெருவில் நாலு வீட்டிலும் படித்துக் காட்டுவோம்.

நாளைக்கு எந்த ருசியையும் எந்தப் பொருளிலும் ஏற்றுகிற காலம் வரலாம். வரட்டும். தண்ணீரில் பாயசம் தெரியட்டும், கூழில் பிரியாணி மணக்கட்டும். உப்பில்லாக் கஞ்சி ஒரு நோயாளிக்கு ருசிக்கட்டும், அதைச் செய்த பெயர் நம்மில் ஒருவருக்குக் கிடைக்கட்டும். ஆனால் சாப்பிடுகிறவருக்கும் தயாரிக்கிறவருக்கும் உள்ளே இருப்பது என்ன என்று தெரிந்தே ஆக வேண்டும். நம் வீடுகளில் லேபிளைப் படிக்கத் தெரிந்த முதல் ஆட்களாக நம்மில் பலர் இருக்கிறோம். படித்துச் சொல்லும் வேலையை இந்த விடுமுறையிலேயே தொடங்குவோம்.

— இரண்டாமாண்டு மாணவன், வேதிப் பொறியியல் பிரிவு